'எத்தன்' என்று அர்த்தமாம்; மகனின் பெயரை மாற்றிவிடலாமா?

திருநெல்வேலி மாவட்டத்தில் ஒரு சிற்றூரிலிருந்து ஒரு தாய் எழுதியிருக்கிறார். அடையாளம் தெரியக்கூடிய விவரங்களை எடுத்துவிட்டு, அவர் கடிதத்தின் சாரத்தை மட்டும் முதலில் சொல்லிவிடுகிறேன்.

அவருக்கு வயது 31. சென்னையில் வளர்ந்து, கல்யாணமாகிக் கணவரின் ஊருக்கு வந்தவர். ஒரே மகன். ஐந்து வயது, யுகேஜி படிக்கிறான். அவன் பிறப்பதற்கு இரண்டு வருடம் முன்பு மாமனார் காலமாகிவிட்டார். தொடக்கப்பள்ளி ஆசிரியராக இருந்தவர். அவர் நினைவாகப் பேரனுக்கு யாக்கோபு என்று ஞானஸ்நானம் கொடுத்தார்கள். பிறப்புச் சான்றிதழிலும் ஆதாரிலும் பள்ளியிலும் 'ஜேக்கப்' என்று இருக்கிறது.

போன மாதம் இவர்கள் வீட்டில் ஜெபக்கூட்டம். செய்தி கொடுக்க வந்தவர், "யாக்கோபு என்றால் எத்தன். கர்த்தர் அந்தப் பெயரை மாற்றிய பிறகுதான் அவனுக்கு ஆசீர்வாதம்" என்று பேசியிருக்கிறார். மகன் அப்போது இவர் மடியில் உட்கார்ந்திருந்தான். அன்றிரவே கைபேசியில் தேடிப் பார்த்தார். பெயர்ப் பட்டியல்கள் எல்லாவற்றிலும் 'ஏமாற்றுபவன்', 'பிறர் இடத்தைப் பறிப்பவன்' என்றே வந்தது. அப்புறம் ஒரு வாரத்தில் இன்னொன்று நடந்தது. அடுக்களையில் கருப்பட்டி டப்பா திறந்து கிடந்தது. மகன் வாயைச் சுற்றிக் கருப்பட்டித் துணுக்கு. கேட்டால், "நான் திங்கலம்மா, பூனை வந்து தின்னுட்டுப் போச்சு" என்றான். "பேருக்கேத்த பிள்ளைதான்" என்று அவன் முகத்தைப் பார்த்தே சொல்லிவிட்டதாக எழுதியிருக்கிறார்.

பெயரை மாற்றிவிடலாம் என்று இப்போது வீட்டில் பேச்சு நடக்கிறது. கணவர் 'ஜேம்ஸ்' என்று வைப்போம் என்கிறார். இவருடைய அக்கா 'இஸ்ரவேல்' என்கிறார். மாமியார் ஒரு வார்த்தையும் சொல்லவில்லை, ஆனால் இரண்டு நாள் சரியாகச் சாப்பிடவில்லை. "ஆனால் ஐயா, அத்தையே அவனை இதுவரை ஒருநாள்கூடப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. ராசா, ராசா என்றுதான் கூப்பிடுவார். அவருக்கே பிடிக்காத பெயரை நாங்கள் ஏன் சுமக்க வேண்டும்?" என்று முடித்திருக்கிறார்.

சகோதரி, உங்கள் கடிதத்தை இரண்டு தடவை படித்தேன். ஆற்றுப்படுத்தும் வேலைக்கு வருவதற்கு முன் நான் இறையியல் படித்தவன், எபிரேய மொழியையும் சேர்த்துத்தான் படித்தேன். அதனால் பெயரின் பொருளிலிருந்தே தொடங்குகிறேன். ஆனால் உங்கள் கடிதத்தில் என்னை நிறுத்திய இடம் கருப்பட்டி டப்பாதான். அதற்கும் வருகிறேன்.

அந்தப் பெயருக்கு என்னதான் பொருள்?

செய்தி கொடுத்தவர் பொய் சொல்லவில்லை. பாதியைச் சொல்லியிருக்கிறார்.

எபிரேயத்தில் 'ஆக்கேவ்' என்றால் குதிகால். ஆதியாகமம் 25ஆம் அதிகாரத்தில் இரட்டைப் பிள்ளைகள் பிறக்கிறார்கள். மூத்தவன் ஏசா முதலில் வருகிறான். இளையவன் அண்ணனின் குதிகாலைப் பிடித்துக்கொண்டே வெளியே வருகிறான். அதனால் அவனுக்கு யாக்கோபு என்று பெயர். வேதம் பெயருக்குச் சொல்லும் காரணம் இவ்வளவுதான். உங்கள் மகன் பிறந்த அன்று அவன் உள்ளங்கையில் உங்கள் விரலை வைத்துப் பார்த்திருப்பீர்கள். இறுகப் பிடித்துக்கொண்டிருப்பான். பிறந்த குழந்தைகள் எல்லாமே அப்படித்தான், கையில் எது பட்டாலும் பிடித்துக்கொள்ளும். அந்தப் பிடியில் என்ன ஏமாற்று இருக்கிறது?

'எத்தன்' என்கிற பொருள் 27ஆம் அதிகாரத்தில்தான் வருகிறது. அதுவும் யார் வாயில் வருகிறது என்று பாருங்கள். ஆசீர்வாதத்தைத் தம்பியிடம் பறிகொடுத்த ஏசா, ஆத்திரத்தில் அழுதுகொண்டு, "அவனுக்கு யாக்கோபு என்று பேர் வைத்தது சரிதானே, இரண்டு தடவை என்னை மோசம் பண்ணிவிட்டானே" என்கிறான். குதிகால் என்ற சொல்லின் வேரிலிருந்தே, பின்னால் வந்து காலை வாருவது, ஏமாற்றுவது என்ற வினைச்சொல்லும் பிறந்திருக்கிறது. எரேமியா 9ஆம் அதிகாரத்திலும் அந்த வினை இந்தக் கெட்ட பொருளில் வருகிறது. ஏசா அந்த இரண்டையும் சேர்த்துச் சிலேடையாகப் பேசுகிறான். கடன் வாங்கித் திருப்பித் தராதவர் பெயர் தர்மராஜ் என்றால், "பேரைப் பாரு, தர்மராஜாம்" என்று நாம் சொல்வதில்லையா? வயிறெரிந்தவர் சொன்ன சொல் அது. அதை எடுத்துப் பெயருக்கு அகராதிப் பொருளாக எழுதிக்கொண்டால் எப்படி?

இன்னும் ஒன்று. அதே வேரிலிருந்து வந்த சொல் 77ஆம் சங்கீதத்தின் கடைசிப் பகுதியிலும் இருக்கிறது. கடலின் நடுவே கடவுளுக்கு வழி இருந்தது, ஆனால் அவருடைய காலடிகள் தெரியவில்லை என்று சங்கீதக்காரன் பாடுகிறான். அங்கே 'காலடிகள்' என்பதற்கு உள்ள எபிரேயச் சொல் இந்தக் குதிகால் குடும்பத்துச் சொல்தான். ஒரே வேர் ஓரிடத்தில் வஞ்சகத்தைக் குறிக்கிறது, இன்னோரிடத்தில் கடவுளின் சுவட்டைக் குறிக்கிறது. வேரை மட்டும் தோண்டிப் பார்த்து ஒரு பிள்ளையின் குணத்தைச் சொல்ல முடியாது.

இதைவிடப் பழைய பொருள் ஒன்று இருப்பதாக மொழியறிஞர்கள் பலர் கருதுகிறார்கள். எனக்கும் அது சரியாகப் படுகிறது. எபிரேயப் பெயர்களில் ஒரு வகை, பெயராகத் தோன்றினாலும் முழு வாக்கியம். தமிழில் 'காப்பார்' என்று வினையின் கடைசியில் வருகிற 'ஆர்' சொல்லும் வேலையை எபிரேயத்தில் முதல் எழுத்தே செய்துவிடும். இஸ்மவேல் என்றால் 'கடவுள் கேட்கிறார்'. ஈசாக்கு என்றால் 'அவன் நகைக்கிறான்'. யோசேப்பு என்றால் 'அவர் கூட்டித் தருவாராக'. இஸ்மவேலில் கடைசியில் நிற்கும் 'ஏல்' என்பது கடவுள். மற்ற இரண்டிலும் அது இல்லை. யாக்கோபும் இதே அச்சில் வார்த்த பெயர். கி.மு. 18ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த வடசிரியாக் களிமண் பலகைகளில் 'யாக்குப்-ஏல்' போன்ற ஆள்பெயர்கள் கிடைத்திருக்கின்றன. அதற்குக் கொஞ்சம் பின்னால் எகிப்தில் இருந்த, கானான் பக்கத்து வம்சாவளி அரசன் ஒருவனின் பெயர் 'யாக்குப்-ஹர்'. வண்டு வடிவில் செதுக்கிய அவனுடைய முத்திரைக் கற்கள் எகிப்திலும் பாலஸ்தீனத்திலும் கிடைத்துள்ளன. அந்த வினைக்கு எத்தியோப்பியாவின் பழைய கீஸ் மொழியில் 'காத்தல்' என்று பொருள். அப்படிப் பார்த்தால் பெயர் முழுதாக 'கடவுள் காப்பாராக' என்று ஆகிறது. பெற்ற பிள்ளைக்கு 'எத்தன்' என்று எந்தத் தாயும் பெயர் வைக்கமாட்டாள். 'கடவுள் காக்கட்டும்' என்று வைப்பாள். தன் பெயரை அரசனே முத்திரையில் வெட்டிக்கொண்டான் என்றால் அது வசைச் சொல்லாக இருந்திருக்காது.

இஸ்லாமியர்களிடம் இதே பெயர் யாகூப். குர்ஆனில் 16 இடங்களில் வருகிறது, எல்லா இடத்திலும் மதிப்புக்குரிய நபியாகத்தான். இப்ராஹீமின் மனைவிக்கு இஸ்ஹாக் பற்றியும் அவருக்குப் பின் யாகூப் பற்றியும் நற்செய்தி சொல்லப்படுகிறது. 'பின்னால் வருபவர்' என்கிற பொருள் அரபிக் காதுக்கு உடனே கேட்கும். உங்கள் பக்கத்து மேலப்பாளையத்திலும் காயல்பட்டினத்திலும் அந்தப் பெயரோடு எத்தனையோ பேர் இருப்பார்கள். யாரும் அதைக் கேட்டு முகம் சுளிப்பதில்லை. அமெரிக்காவில் 1999 முதல் 2012 வரை, 14 வருடம் தொடர்ந்து, ஆண் குழந்தைகளுக்கு அதிகம் வைத்த பெயர் ஜேக்கப்தான்.

பெயர்தான் ஏமாற்ற வைத்ததா?

கதையையே ஒரு தாயாக மறுபடி படித்துப் பாருங்கள். கண் மங்கிய அப்பா ஈசாக்கை ஏமாற்றும் திட்டம் யாக்கோபின் மனதில் உதித்ததல்ல. அதைப் போட்டவள் அம்மா ரெபெக்காள். மகன் தயங்குகிறான், "அப்பா தடவிப் பார்த்துக் கண்டுபிடித்துவிட்டால் சாபம் வருமே" என்கிறான். "அந்தச் சாபம் என்மேல் வரட்டும்" என்று அவள்தான் அனுப்பிவைக்கிறாள். சரி, அந்தக் கதையிலேயே பெரிய ஏமாற்றுக்காரர் யார்? தாய்மாமன் லாபான். தன் இளைய மகள் ராகேலுக்காக ஏழு வருடம் உழைத்தவனுக்கு மூத்தவள் லேயாளைக் கட்டிவைத்து, இன்னும் ஏழு வருடம் உழைக்க வைத்தவர். பத்துமுறை சம்பளத்தை மாற்றினார் என்று யாக்கோபே பிற்பாடு மனைவிகளிடம் சொல்கிறான். அந்த லாபான் என்ற பெயருக்குப் பொருள் 'வெள்ளை'.

பெயரை மாற்றிய பிறகுதான் ஆசீர்வாதம் என்று சொன்னாராம். 32ஆம் அதிகாரத்தை எடுத்துக்கொள்ளுங்கள். யாப்போக்கு ஆற்றங்கரையில் இரவெல்லாம் யாக்கோபோடு போராடியவர், "உன் பேர் என்ன?" என்று கேட்கிறார். "யாக்கோபு" என்கிறான். எனக்கு மிகவும் பிடித்த இடம் இது. முன்பு ஒருமுறை அவனுடைய அப்பா, "நீ யார்?" என்று கேட்டார். அப்போது அவன், "நான் ஏசா" என்று சொல்லி ஆசீர்வாதம் வாங்கினான். இத்தனை வருடம் கழித்து அதே மாதிரி கேள்வி வரும்போது தன் பெயரை மறைக்காமல் சொல்கிறான். அதற்குப் பிறகுதான் இஸ்ரவேல் என்ற பெயர் வருகிறது. அவன் வாழ்க்கை திரும்புகிற இடத்தில் அவன் வாயில் இருந்தது யாக்கோபு என்ற பெயர்தான்.

அதோடு பழைய பெயர் ஒழிந்துபோகவும் இல்லை. ஆபிராம் ஆபிரகாம் ஆன பிறகு ஆதியாகமம் அவரை ஆபிராம் என்று திரும்பக் கூப்பிடுவதே இல்லை. யாக்கோபு விஷயம் அப்படி இல்லை. கிழவனாகி எகிப்துக்குப் புறப்படும் இரவிலும் 46ஆம் அதிகாரத்தில் கடவுள், "யாக்கோபே, யாக்கோபே" என்றுதான் அழைக்கிறார். எரிகிற முட்செடியிலிருந்து மோசேயிடம் பேசும்போது தம்மை யாக்கோபின் தேவன் என்று சொல்லிக்கொள்கிறார். "யாக்கோபின் தேவன் நமக்கு உயர்ந்த அடைக்கலமானவர்" என்ற 46ஆம் சங்கீத வரியை நீங்கள் எத்தனை ஞாயிற்றுக்கிழமை வாய்விட்டுச் சொல்லியிருப்பீர்கள்!

ஜேம்ஸ் என்றாலும் யாக்கோபுதான்

உங்கள் கணவர் சமாதானமாக ஒரு வழி கண்டுபிடித்திருக்கிறார் என்று தெரிகிறது. ஆனால் அவரிடம் மெதுவாகச் சொல்லுங்கள், ஜேம்ஸ் வேறு பெயர் அல்ல, யாக்கோபேதான். எபிரேய யாக்கோபு கிரேக்கத்தில் யாக்கோபோஸ் ஆனது, லத்தீனில் யாக்கோபுஸ் ஆனது. பேச்சு லத்தீனில் நடுவே இருந்த 'ப' ஒலி 'ம' ஆகி யாக்கோமுஸ் என்று தேய்ந்தது. அது பழைய பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்கு வந்து ஜேம்ஸ். ஆங்கில வேதாகமத்தில் பழைய ஏற்பாட்டுக்காரர் ஜேக்கப் என்றும் இயேசுவின் சீடர் ஜேம்ஸ் என்றும் பிரிந்துவிட்டார்கள். நம் தமிழ் வேதாகமம் அப்படிப் பிரிக்கவில்லை. புதிய ஏற்பாட்டைத் திறந்து பாருங்கள். செபெதேயுவின் மகன் யாக்கோபு, அல்பேயுவின் மகன் யாக்கோபு, ஆண்டவரின் சகோதரன் யாக்கோபு, யாக்கோபின் நிருபம். மத்தேயு எழுதிய வம்ச வரலாற்றில் மரியாளின் கணவர் யோசேப்பின் அப்பா பெயரும் யாக்கோபு. அப்படியானால் நாசரேத்து வீட்டில் தாத்தா பெயரும் அதுதான், பிள்ளை ஒருவனின் பெயரும் அதுதான்.

ஸ்பெயினில் செபெதேயுவின் மகனான அந்தச் சீடர் சந்த் இயாகோ, அதாவது சந்தியாகோ. கத்தோலிக்கத் தமிழில் அது சந்தியாகு, சந்தியாகப்பர், யாகப்பர் என்று வந்து நிற்கிறது. இராமேஸ்வரம் தீவில் தங்கச்சிமடத்துச் சந்தியாகப்பர் கோயிலும், யாழ்ப்பாணத்துக் குருநகரில் உள்ள புனித யாகப்பர் கோயிலும் இந்தப் பெயரைச் சுமந்துதான் நிற்கின்றன. கேரளத்தில் சாக்கோ என்று ஒருவரைச் சந்தித்தால் அவரும் யாக்கோபுதான். சந்தியாகு என்று மகனுக்குப் பெயர் வைத்த மீனவர் யாரும் எத்தன் என்று நினைத்து வைத்ததில்லை.

இஸ்ரவேல் நல்ல பெயர். உங்கள் மாவட்டத்தில் பழகிய பெயரும்கூட. பிடித்து வைத்தால் மறுப்பில்லை. ஆனால் 32ஆம் அதிகாரம் அதற்குச் சொல்லும் விளக்கம், கடவுளோடும் மனிதரோடும் போராடினவன் என்பது. பொருளுக்குப் பயந்து மாற்றினால், நாளைக்கு மகன் பள்ளிக்கூடம் போகமாட்டேன் என்று அடம் பிடிக்கும் காலையில், 'போராடுகிறவன் என்று வைத்தோமே, அதுதான்' என்று உங்களுக்குத் தோன்றும். பயம் பெயரை விட்டுப் பெயர் தாவிக்கொண்டே இருக்கும்.

கருப்பட்டியும் பூனையும்

இப்போது அந்த டப்பாவுக்கு வருகிறேன்.

ஐந்து வயதுப் பிள்ளை பொய் சொல்வது கெட்ட குணத்தின் அறிகுறி அல்ல, அறிவு வளர்கிறது என்பதன் அறிகுறி. 'எனக்குத் தெரிந்தது அம்மாவுக்குத் தெரியாமல் இருக்கலாம்' என்று மூன்று, நான்கு வயதில்தான் குழந்தைக்குப் புரியத் தொடங்குகிறது. குழந்தை மனநல ஆய்வாளர்கள் ஒரு சோதனை செய்வார்கள். பிள்ளைக்குப் பின்னால் ஒரு பொம்மையை வைத்து, "திரும்பிப் பார்க்காதே" என்று சொல்லிவிட்டு அறையை விட்டுப் போய்விடுவார்கள். பெரும்பாலான பிள்ளைகள் திரும்பிப் பார்த்துவிடும். கேட்டால், நான்கு வயதைத் தாண்டியவர்களில் மிகப் பலர் பார்க்கவில்லை என்று சாதிப்பார்கள். ஜேக்கப்பும் சொல்வான், சத்தியசீலனும் சொல்வான். வாயைத் துடைக்காமல் வந்து பூனைமேல் பழி போடுகிறவன் இன்னும் பொய்யில் கற்றுக்குட்டிதான், பயப்படாதீர்கள்.

நீங்கள் கேட்ட கேள்வியைக் கொஞ்சம் மாற்றிப் பாருங்கள். தெரிந்துகொண்டே, "யார் தின்னது?" என்று கேட்கும்போது பிள்ளைக்குத் தப்பிக்கும் வழியை நாமே திறந்துவிடுகிறோம். "கருப்பட்டி தின்னிருக்கே. வா, வாயைக் கழுவுவோம். வேணும்னா அம்மாகிட்ட கேளு" என்று சொல்லிப் பாருங்கள். அங்கே பொய்க்கு வேலையே இல்லை. உண்மையைச் சொன்ன நாளில் தண்டனையைக் குறைத்து, "சொன்னியே, அது நல்லது" என்று ஒரு வார்த்தை சொல்லுங்கள். எட்டு, ஒன்பது வயதிலும் அடிக்கடி பொய், கூடவே பொருள் காணாமல் போவது, மற்ற பிள்ளைகளுக்கோ விலங்குகளுக்கோ காயம் உண்டாக்குவது என்று வந்தால் அப்போது ஒரு குழந்தை மனநல மருத்துவரைப் பாருங்கள். இப்போது அதற்குத் தேவையில்லை.

"பேருக்கேத்த பிள்ளை" என்ற சொல்தான் என்னைக் கவலைப்பட வைக்கிறது. இதைக் குற்றமாகச் சொல்லவில்லை, மனம் கலங்கியிருந்த நேரத்தில் வந்துவிட்டது. ஆனால் குழந்தைகள் ஐந்து மாதம் ஆவதற்குள்ளேயே தங்கள் பெயரின் ஒலியை மற்ற ஒலிகளிலிருந்து பிரித்து அறிகிறார்கள். அம்மா என்று சொல்லத் தெரிவதற்கு வெகுநாள் முன்பே அந்த ஒலி அவர்களுடையதாகிவிடுகிறது. உங்கள் மகனுக்கு எபிரேயம் தெரியாது. அவன் வகுப்பில் யாருக்கும் தெரியாது. யாக்கோபு என்ற சொல்லுக்கு இந்த ஐந்து வருடமும் அவனுக்கு இருந்த ஒரே பொருள், அம்மா கூப்பிடுகிறாள் என்பது. அதில் புதிதாக ஒரு பொருளை நாம் சேர்த்தால் அதுதான் தங்கும். அவன் தூங்குவதற்கு முன் ஒருநாள், "அன்னைக்கு அம்மா கோபத்துல உன் பேரைத் தப்பாச் சொல்லிட்டேன். உன் பேரு நல்ல பேரு. கடவுள் காப்பாத்தட்டும்னு அர்த்தம்" என்று சொல்லிவிடுங்கள். ஐந்து வயதுப் பிள்ளையிடம் மன்னிப்புக் கேட்பதா என்று தயங்க வேண்டாம். உண்மை பேசுவது எப்படி என்று அவனுக்குக் காட்ட இதைவிட நல்ல சந்தர்ப்பம் கிடைக்காது.

சட்டப்படி மாற்றுவதானால்

இத்தனைக்குப் பிறகும் நீங்களும் கணவரும் ஒருமனதாக மாற்றவே முடிவு செய்தால் அது உங்கள் உரிமை. வழி இருக்கிறது, ஆனால் அலைச்சல் உண்டு. பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டம் 1969 பெயரில்லாமல் பதிவான குழந்தைக்குப் பின்னால் பெயர் சேர்க்க இடம் தருகிறது. ஒருமுறை பதிந்த பெயரில் எழுத்துப் பிழையைத் திருத்தலாமே தவிர, வேறு பெயராக மாற்றுவதைப் பதிவாளர்கள் பொதுவாக ஏற்பதில்லை. அதனால் மாநில அரசின் எழுதுபொருள் அச்சுத் துறைக்கு விண்ணப்பித்து, பெயர் மாற்றத்தை அரசிதழில் வெளியிட வேண்டும். பிள்ளை 18 வயதுக்குக் கீழே என்பதால் பெற்றோர் விண்ணப்பிக்க வேண்டும். அரசிதழ் கையில் வந்ததும் நாலைந்து படிகளைப் பத்திரப்படுத்திக்கொண்டு, ஆதார், பள்ளிப் பதிவேடு என்று ஒவ்வொன்றாக மாற்ற வேண்டும். எதைச் செய்வதானாலும் பத்தாம் வகுப்புச் சான்றிதழ் வருவதற்கு வெகுமுன்பே செய்துவிடுவது நல்லது.

1.10.2023 முதல் பிறந்தவர்களுக்குப் பள்ளிச் சேர்க்கை, ஓட்டுநர் உரிமம், வாக்காளர் பட்டியல், ஆதார், அரசு வேலை என எல்லாவற்றுக்கும் பிறப்புச் சான்றிதழே அடிப்படை என்று சட்டத் திருத்தம் வந்திருக்கிறது. உங்கள் மகன் அதற்கு முன்பே பிறந்தவன். ஆனாலும் சான்றிதழில் ஒரு பெயர், ஆதாரில் ஒரு பெயர் என்று இருந்தால் வாழ்நாள் முழுக்க அரசிதழைக் கையோடு கொண்டுபோக வேண்டியிருக்கும். விண்ணப்பிக்கும் முன் ஒரு வழக்கறிஞரை ஒருமுறை பார்த்துவிடுங்கள்.

என் கருத்தைக் கேட்டால், மாற்ற வேண்டாம். கூப்பிட இன்னொரு செல்லப்பெயர் வேண்டுமானால் வைத்துக்கொள்ளுங்கள், அதற்கு அரசிதழ் தேவையில்லை. மகன் பெரியவனாகி அவனே மாற்ற விரும்பினால் 18 வயதுக்குப் பிறகு அவனே செய்துகொள்வான்.

உங்கள் அத்தை

அத்தைக்கே அந்தப் பெயர் பிடிக்கவில்லை என்று எழுதியிருக்கிறீர்கள். நீங்கள் சென்னையில் வளர்ந்தவர் என்பதால் இது கண்ணில் படாமல் போயிருக்கலாம். யாக்கோபு என்பது அவருடைய கணவரின் பெயர், சகோதரி. அந்தத் தலைமுறைப் பெண்கள் கணவரின் பெயரைச் சொல்லமாட்டார்கள். ரேஷன் கடையில் பெயர் கேட்டால்கூடப் பக்கத்தில் நிற்கும் பிள்ளையைச் சொல்லச் சொல்வார்கள். அந்தப் பெயரைப் பேரனுக்கு வைத்துவிட்டால் அவனையும் பெயர் சொல்லிக் கூப்பிட நா எழாது. அதனால்தான் ராசா. பிடிக்காததால் விட்ட பெயர் இல்லை அது, நாற்பது வருடமோ என்னவோ மரியாதையாக உள்ளேயே வைத்திருந்த பெயர். அதை எத்தன் என்று அவர் வீட்டுக் கூடத்திலேயே ஒருவர் சொன்னார், அடுத்த வாரம் மாற்றுவோம் என்று மகனும் மருமகளும் பேசினார்கள். இரண்டு நாள் சாப்பாடு இறங்காததற்கு வேறு காரணம் தேட வேண்டியதில்லை.

இன்று சாயங்காலம் வேலை முடிந்ததும் அவர் பக்கத்தில் போய் உட்காருங்கள். மன்னிப்பு, விளக்கம் என்று பெரிதாகத் தொடங்க வேண்டாம். "அத்தை, மாமா பள்ளிக்கூடத்துல எப்படி இருப்பாங்க?" என்று மட்டும் கேளுங்கள். பையனையும் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள். அவர் சொல்லத் தொடங்கினால் லேசில் நிறுத்தமாட்டார். நடுவில் எப்படியும் பையன், "ஆச்சி, தாத்தா பேரு என்ன?" என்று கேட்பான். அப்போதும் அவர் அந்தப் பெயரைச் சொல்லமாட்டார். "உன் பேருதான் ராசா" என்பார்.